மருத்துவ உயில்: எழுதும் முன்னும் எழுதும்போதும்

மீளவே முடியாத நோயில், தன் விருப்பத்தைச் சொல்லவும் இயலாமல் கிடக்கும் நிலை வந்தால் எந்தச் சிகிச்சை வேண்டும், எது வேண்டாம் என்று முன்கூட்டியே மருத்துவ உயில் எழுதிவைக்கும் உரிமை, இந்தியாவில் தெளிந்த மனநிலையுள்ள, 18 வயது நிறைந்த எவருக்கும் உண்டு. கண்ணியமாக இறப்பதும் அரசியலமைப்பின் 21ஆம் பிரிவு தரும் வாழ்வுரிமையில் அடங்கும் என்று உச்ச நீதிமன்றம் 2018 மார்ச் 9 அன்று அளித்த தீர்ப்பே இதற்கு அடிப்படை.

எழுத உட்காரும் முன், அஞ்சுவது சாவையா, சாகும் விதத்தையா என்று தன்னையே கேட்டுக்கொள்ள வேண்டும். நாம் இருக்கும்வரை சாவு இல்லை, சாவு வந்தபின் நாம் இல்லை, ஆகவே அஞ்ச ஏதுமில்லை என்றார் கிரேக்க ஞானி எபிகியூரஸ். வலுவான வாதம்தான், ஆனால் ஐசியூவில் எழும் சிக்கல் சாவுக்கு முந்தைய நாட்களைப் பற்றியது என்பதால், அங்கே அது அவ்வளவாக உதவுவதில்லை. வென்டிலேட்டர் நுரையீரல் தேறுவதற்கு அவகாசம் வாங்கித் தரும். தேற வழியில்லாதபோது அந்த அவகாசம் எதற்கு என்பதற்கு மருத்துவ நூல்களில் விடை கிடையாது; அதை நோயாளிதான் சொல்ல வேண்டும்.

'வீணாக இழுத்தடிக்க வேண்டாம்' என்று பொதுவாக எழுதிப் பயனில்லை. எது வீண் என்பதில்தான் அண்ணனும் தம்பியும் ஐசியூ வாசலில் மோதிக்கொள்வார்கள். இதயம் நின்றால் நெஞ்சை அழுத்தி மீட்பது (வயதானவர்களுக்கு இதில் விலா எலும்பு முறிவது சகஜம்), வென்டிலேட்டர், டயாலிசிஸ், மூக்குக் குழாய் வழி உணவு என ஒவ்வொன்றையும் தனித்தனியே குறிப்பிட வேண்டும். சில நாள் முயன்று பார்த்துப் பலனில்லையெனில் நிறுத்தலாம் என்றும் எழுதலாம். வலி தணிக்கும் சிகிச்சை தொடர வேண்டும் என்பதை மறக்காமல் சேர்க்கவும். ஊசி போட்டு உயிரை முடிக்கும்படி கேட்கச் சட்டத்தில் இடமில்லை.

இரண்டு சாட்சிகள் முன்னிலையில் கையெழுத்திட்டு, நோட்டரி அல்லது அரசிதழ் பதிவு பெற்ற அலுவலரிடம் சான்றொப்பம் பெற்றால் போதும். மாஜிஸ்திரேட்டின் ஒப்பம் தேவை என்ற பழைய நிபந்தனையை 2023 ஜனவரியில் நீதிமன்றமே நீக்கிவிட்டது. அந்நிலையில் நம் சார்பில் முடிவெடுக்க வேண்டியவர்களாக ஒருவருக்கு மேற்பட்டோரைக் குறிப்பிடலாம். பாசத்தில் உருகுபவரைவிட, டாக்டரிடம் நிதானமாகப் பேசக்கூடியவரே இதற்கு ஏற்றவர். அவர்களுக்கும் குடும்ப மருத்துவருக்கும் உள்ளாட்சி அமைப்பின் உரிய அலுவலருக்கும் நகல் தர வேண்டும். மனம் மாறினால் எப்போது வேண்டுமானாலும் எழுத்து மூலம் ரத்து செய்யலாம். நடைமுறைக்கு வரும்போது மருத்துவமனை அமைக்கும் முதல்நிலை மருத்துவர் குழு, இரண்டாம்நிலை மருத்துவர் குழு இரண்டும் ஒப்புதல் தந்து, மாஜிஸ்திரேட்டுக்குத் தகவல் தெரிவித்த பிறகே சிகிச்சை நிறுத்தப்படும்.