வெட்டுக்காயப் பூண்டுக் களிம்பு: எங்கே தவறிப்போகிறது?

கார்த்திகை மழை ஓய்ந்ததும் ராமநாதபுரம் கடலோரத்தில் உச்சிப்புளி, மண்டபம் பக்கம் வேலியோரமெல்லாம் வெட்டுக்காயப் பூண்டு பூத்துக் கிடக்கும். மூக்குத்திப்பூ, தாத்தாப்பூ என்றும் சொல்வார்கள். சின்ன வயதில் முழங்கால் சிராய்த்துக்கொண்டு வந்தால் அப்பத்தா அந்த இலையைக் கசக்கிச் சாற்றைப் பிழிந்துவிடுவார். இப்போது அதையே களிம்பாகக் காய்ச்சி வைத்துக்கொள்ளும் வழக்கம் வந்திருக்கிறது. நல்லதுதான். ஆனால் காய்ச்சிய பத்து நாளில் பூஞ்சை பிடித்துவிட்டது என்று சொல்பவர்களைத்தான் அதிகம் பார்க்கிறேன்.

முதலில் செடி சரிதானா என்று பாருங்கள். நீளமான ஒற்றைக் காம்பின் உச்சியில் ஒரே பூ, நடுவில் மஞ்சள், சுற்றி நாலைந்து வெள்ளை இதழ், இதழ் நுனியில் மூன்று பல், இலையில் சொரசொரப்பான ரோமம். இதுதான் அடையாளம். பார்த்தீனியமும் ரோட்டோரத்தில் வெள்ளையாகப் பூப்பதுதான். ஆனால் அதன் இலை கேரட் இலைபோல் பிளவுபட்டிருக்கும், பூக்கள் பொடிப்பொடியாகக் கொத்தாக வரும். அது தோலில் பட்டாலே பலருக்கு அரிப்பும் தடிப்பும் வரும். களைக்கொல்லி அடித்த வயல் வரப்பிலும், இறால் பண்ணைக் கழிவு ஓடும் வாய்க்கால் கரையிலும் பறிக்க வேண்டாம்.

பெரிய தவறு ஈரம். கடற்காற்றில் வரும் உப்பும் புழுதியும் இலையில் படிந்திருக்கும் என்பதால் கழுவித்தான் ஆக வேண்டும். கழுவிய கையோடு எண்ணெயில் போடுவதில்தான் எல்லாம் கெடுகிறது. எண்ணெய்க்குள் தங்கும் துளித் தண்ணீர் போதும், அதில் கிருமியும் பூஞ்சையும் வளர்ந்துவிடும். அந்தக் களிம்பைப் புண்ணில் தடவினால் கிருமியையே தடவுகிறோம். கழுவிய இலையைத் துணியில் பரப்பி நிழலில் ஒரு நாள் முழுக்க வாடவிடுங்கள். தொட்டால் துவண்டு கிடக்க வேண்டும், கையில் ஈரம் படக்கூடாது. எங்கள் கரையில் இரவுக் காற்றே ஈரம் என்பதால் மாலையில் வீட்டுக்குள் எடுத்துவிடுவேன்.

200 கிராம் செக்குத் தேங்காய் எண்ணெய்க்கு இரண்டு கைப்பிடி வாடிய இலை போதும். அடி கனமான பாத்திரம், சிறு தீ. முதலில் சடசடவென்று பொரியும். அது இலையில் மிச்சமிருக்கும் நீர் போகும் சத்தம். சத்தம் அடங்கி, இலை மொறுமொறுப்பாகி, ஆனால் பச்சை மாறாமல் இருக்கும்போது இறக்கிவிட வேண்டும். அவசரத்தில் தீயைக் கூட்டினால் இலை கருகி, எண்ணெய் புகைந்து, கைக்கு வருவது கருகல் எண்ணெய்தான். சந்தேகமிருந்தால் அடுப்பை அணைத்துவிட்டுத் தள்ளி வந்து, ஒரு பஞ்சுத் திரியை அந்த எண்ணெயில் நனைத்துப் பற்றவையுங்கள். படபடவென்று பொரிந்தால் இன்னும் நீர் இருக்கிறது. அமைதியாக எரிந்தால் சரி.

வடிகட்டும்போது துணியை முறுக்கிப் பிழியாதீர்கள், கசடும் சேர்ந்து இறங்கும். தானாகச் சொட்டட்டும். ஒரு ராத்திரி தெளியவிட்டு, அடியில் தங்கும் வண்டலை விட்டுவிட்டு மேலெண்ணெயை மட்டும் எடுங்கள்.

தேங்காய் எண்ணெய் 24 டிகிரிக்கு மேல் இளகிவிடும். நம் ஊரில் அதற்குக் கீழே போகும் நாள் எத்தனை? அதனால் தேன்மெழுகு வேண்டும். நாலு பங்கு எண்ணெய்க்கு ஒரு பங்கு, அதாவது 200 கிராமுக்கு 50 கிராம். தெளிந்த எண்ணெயை மறுபடி சூடாக்கி, மெழுகைத் துருவிப் போட்டுக் கிளறினாலே கரைந்துவிடும். வீட்டில் கிடக்கும் மெழுகுவர்த்தியைப் போடுவது தவறு, அது வேறு மெழுகு, சாயமும் வாசனையும் கலந்திருக்கலாம். மணத்துக்காகப் பூஜைக் கற்பூரத்தைச் சேர்ப்பவர்களும் உண்டு. வேண்டவே வேண்டாம். குழந்தை அதை வாயில் வைத்துவிட்டால் வலிப்பு வரை போகும்.

டப்பா வெந்நீரில் கொதித்து, வெயிலில் காய்ந்ததாக இருக்கட்டும். மூடியின் மரைக்குள் நிற்கும் ஈரத்தைப் பலர் பார்ப்பதில்லை. ஒரே பெரிய டப்பாவைவிட நாலு சின்ன டப்பா நல்லது. காய்ச்சிய தேதியை ஒட்டுங்கள். விரலை விட்டு எடுக்காமல் உலர்ந்த கரண்டியால் எடுங்கள். காறல் வாடை வந்தால் கொட்டிவிடுங்கள்.

இனி எதில் தடவக்கூடாது என்பது. இங்கேதான் எனக்குப் பயம் அதிகம். சிராய்ப்பு, மேலோட்டமான கீறல், குதிகால் வெடிப்பு, இவற்றுக்குத்தான் இந்தக் களிம்பு. அதையும் முதல் தடவை முழங்கையின் உள்பக்கம் தடவி ஒரு நாள் பாருங்கள். செவ்வந்திப் பூவுக்கு அரிப்பு வருபவர்களுக்கு இதுவும் ஒத்துக்கொள்ளாமல் போகலாம், இரண்டும் ஒரே குடும்பம். சீமைக்கருவேல முள் ஆழமாகக் குத்தினால் மேலே களிம்பை அப்பி மூடாதீர்கள். காற்றுப் படாத ஆழத்தில்தான் ரணஜன்னிக் (டெட்டனஸ்) கிருமி வளரும். நன்றாகக் கழுவிவிட்டு ஊசி போட வேண்டுமா என்று ஆஸ்பத்திரியில் கேளுங்கள். திருக்கை மீனின் முள் அடித்தால் கை பொறுக்கும் சூட்டில் வெந்நீரில் ஊறவையுங்கள், அந்த விஷம் சூட்டில் வீரியம் இழக்கும். அப்புறம் நேரே டாக்டரிடம். சர்க்கரை நோயாளியின் கால் புண்ணில் எந்த வீட்டு மருந்தும் வேண்டாம். கடலில் பட்ட காயம் சிவந்து பரவினாலோ காய்ச்சல் வந்தாலோ அன்றைக்கே கிளம்புங்கள், விடியட்டும் என்று இருக்காதீர்கள்.

கடலில் பாசி எடுக்கப் போகும் என் சித்தி, பாறை கிழித்த விரலோடு வந்தால் முதலில் டப்பாவைத் தேட மாட்டார். நல்ல தண்ணீரில் சோப்புப் போட்டுக் கழுவி, வெளிச்சத்தில் விரித்துப் பார்த்து, கல்லோ முள்ளோ உள்ளே இல்லை என்று தெரிந்த பிறகு, துடைத்துக் காயவிட்டு, ராத்திரி படுக்கும் முன் அரிசியளவு எடுத்துத் தடவுவார். ஆழமாகத் தெரிந்தால் டப்பாவைத் திறக்கவே மாட்டார். “இது அதுக்கு இல்லப்பா” என்று சேலையை மாற்றிக்கொண்டு பஸ் ஸ்டாப்புக்கு நடந்துவிடுவார்.