பூசானில் தனி வழிகாட்டியோடு நடப்பது எப்படி: மேலேயிருந்து கீழே

ஹேயுண்டே கடற்கரைக்கு வழிகாட்டி வேண்டாம். மணலையும் கடலையும் யாரும் விளக்கத் தேவையில்லை. சுரங்க ரயில் ஏறி நீங்களே போய்விடலாம். பூசானில் காசு கொடுத்து ஓர் ஆளைக் கூட வைத்துக்கொள்ள வேண்டிய இடம் மலைச்சரிவுக் குடியிருப்புகளும் பழைய சந்தைச் சந்துகளும்தான். பினாங்கில் இருப்பவர்களுக்கு இதைச் சொல்லிப் புரியவைக்க வேண்டியதில்லை. சூலியா தெருவில் தனியே நடப்பவர் நாணயம் மாற்றும் கடையையும் நாசி கண்டாரையும் பார்ப்பார். விவரம் தெரிந்தவரோடு நடப்பவருக்கு அந்தத் தெருப்பெயருக்குள் இருக்கும் தமிழ் முஸ்லிம் வணிகர் கூட்டமே கண்ணுக்குத் தெரியும். பூசானின் மலைச்சந்துகளும் அப்படித்தான்.

1876இல் வெளிநாட்டு வணிகத்துக்குத் திறந்த துறைமுகம் அது. கொரியப் போர்க் காலத்தில், 1950 முதல் 1953 வரையிலான பெரும்பகுதியில், தென்கொரியாவின் தற்காலிகத் தலைநகராகவும் இருந்தது. வடக்கிலிருந்து உயிர் தப்பி வந்த அகதிகளுக்குத் தட்டையான நிலம் கிடைக்கவில்லை, மலை மேல் ஏறினார்கள். இன்று நாம் நடக்கப்போகும் பாதையின் பெரும்பகுதி அவர்கள் வாழ்ந்து பிழைத்த இடம்.

முன்பதிவுக்கு முன்

மலேசியக் கடப்பிதழுக்கு விசா வேண்டாம். ஆனால் கே-ஈடிஏ எனப்படும் இணைய அனுமதி வேண்டும். 17 வயது வரை உள்ளவர்களுக்கும் 65 வயதைத் தொட்டவர்களுக்கும் விலக்கு உண்டு. கட்டணம் 10,000 வொன். இதையே பல மடங்கு விலைக்கு விற்கும் இடைத்தரகர் தளங்கள் தேடலில் முதலில் வந்து நிற்கும். கொரிய அரசின் தளத்தில் மட்டும் விண்ணப்பியுங்கள். குறைந்தது 72 மணி நேரம் முன்பே போட்டுவிட வேண்டும். இரண்டு வாரம் முன்பே முடித்துவிட்டால் படம் சரியில்லை என்று திருப்பி அனுப்பினாலும் பதற்றமில்லை.

இரவு விமானத்தில் சியோலுக்கு அருகிலுள்ள இன்ச்சொன் விமான நிலையத்தில் இறங்கி, சியோலிலிருந்து கேடிஎக்ஸ் விரைவு ரயிலில் இரண்டரை மணி நேரத்துக்கு மேல் பயணம் செய்து வந்த அன்றே நடைக்குப் பதிவு செய்யாதீர்கள். தூங்காத காலுக்குப் படி ஆகாது. ஓர் இரவு கழியட்டும்.

வழிகாட்டியைத் தேர்ந்தெடுக்கும்போது முதலில் உரிமத்தைக் கேளுங்கள். வெளிநாட்டுப் பயணிகளை நிறுவனங்களின் சார்பில் அழைத்துச் செல்பவர்கள் அரசுத் தேர்வு எழுதி உரிமம் பெற்றிருக்க வேண்டும், அந்த அட்டையை அணிந்திருக்கவும் வேண்டும். அந்தத் தேர்வு மொழிகளில் தமிழ் இல்லை, ஆனால் மலாய்-இந்தோனேசிய மொழி இருக்கிறது. நம்மவர்கள் பலர் இதைக் கவனிப்பதே இல்லை. ஆங்கிலத்தில் தடுமாறும் அம்மாவும் மாமாவும் மலாயில் தாராளமாகக் கேள்வி கேட்பார்கள். குழுவில் பெரியவர்கள் அதிகம் என்றால் மலாய் பேசும் வழிகாட்டியைக் கேட்டுப் பாருங்கள். 1330 என்ற சுற்றுலா உதவி எண்ணிலும் பகல் நேரத்தில் மலாய்-இந்தோனேசியச் சேவை உண்டு.

விலையைப் பேசும்போது ‘எவ்வளவு’ என்று மட்டும் கேட்டு நிறுத்தினால் பிறகு மனக்கசப்பு வரும். தொகை குழுவுக்கா, தலைக்கா? எத்தனை மணி நேரம், அதைத் தாண்டினால் மணிக்கு எவ்வளவு? பேருந்து, டேக்சிக் கட்டணம் யார் பொறுப்பு? வழிகாட்டியின் மதிய உணவு அதில் அடக்கமா? மழை பெய்தால் நாள் மாற்றித் தருவாரா, எத்தனை நாள் முன்பு சொன்னால் பணம் திரும்பும்? இந்த ஐந்தையும் எழுத்தில் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். கொரியாவில் டிப்ஸ் கொடுக்கும் பழக்கம் இல்லை. சொன்ன தொகைதான் தொகை. மனம் நிறைந்திருந்தால் ஊரிலிருந்து ஒரு பொட்டலம் ஜாதிக்காய் ஊறுகாயோ தவ் சார் பியாவோ கொண்டுபோய்க் கொடுங்கள். நோட்டை விட அது நன்றாகப் போய்ச் சேரும்.

அதே கடிதத்தில் உங்கள் பக்கத்து விவரங்களையும் சொல்லிவிடுங்கள்: எத்தனை பேர், வயது, யாருக்கு முட்டி வலி, யார் சைவம், யார் மாட்டிறைச்சி மட்டும் தொடமாட்டார், எதைப் பற்றி அதிகம் கேட்க ஆசை. ‘எல்லாம் காட்டுங்கள்’ என்று எழுதினால் எல்லோருக்கும் காட்டும் பத்து இடங்களைப் படம் எடுக்க வைத்துத் திருப்பி அனுப்புவார். ‘அகதிகள் வாழ்ந்த மலை, அவர்கள் பிழைத்த சந்தை, துறைமுகம்’ என்று எழுதுங்கள். நல்ல வழிகாட்டி அந்த ஒரு வரியிலேயே நிமிர்ந்து உட்காருவார்.

கைபேசியில் செய்ய வேண்டியது

கொரியாவில் கூகள் மேப்ஸ் நடைவழியைச் சரியாகக் காட்டாமல் போகலாம். விரிவான வரைபடத் தரவை நாட்டுக்கு வெளியே அனுப்ப அரசு நீண்ட காலம் வைத்திருந்த கட்டுப்பாடுதான் காரணம். நாவெர் மேப் அல்லது காகாவோ மேப்பை இறக்கிக்கொள்ளுங்கள். வழிகாட்டிகள் பலர் காகாவோ டாக்கில்தான் செய்தி அனுப்புவார்கள். அதை வீட்டிலேயே நிறுவி எண்ணை உறுதிசெய்துவிடுங்கள். அங்கே போய் சிம்மை மாற்றிவிட்டால் உறுதிக் குறியீடு உங்கள் மலேசிய எண்ணுக்குத்தான் வரும், நீங்கள் சந்திப்பு இடத்தில் விழித்துக்கொண்டு நிற்பீர்கள்.

சந்திப்பு இடத்தை நிலையப் பெயரோடு விடாமல், வெளிவாசல் எண்ணோடு கேளுங்கள். ‘தோசொங் நிலையம், 6ஆம் வாசல்’ என்றால் யாரும் தொலைய மாட்டார்கள். டேக்சியில் போனால் ‘கம்ச்சொன்’ என்று மட்டும் சொல்லாதீர்கள். கம்ச்சொன் துறைமுகம் வேறு, நீங்கள் போக வேண்டிய மலைச்சரிவுக் குடியிருப்பான ‘கம்ச்சொன் முன்ஹ்வா மவுல்’ (கம்ச்சொன் பண்பாட்டுக் கிராமம்) வேறு.

பேருந்துக்கும் ரயிலுக்கும் டி-மணி அட்டை போதும். ஆனால் நிலையத்தில் அதில் பணம் ஏற்ற ரொக்கம் வேண்டும். எனவே லிட்டில் இந்தியா நாணயமாற்றுக் கடையில் கொஞ்சம் வொன் வாங்கிச் செல்லுங்கள். நம் மூன்று முனைச் சொருகி அங்கே நுழையாது; வட்டமான இரு முனை அடாப்டர் தேவை.

எந்தக் கிழமை

சனிக்கிழமை. காரணம் யொங்தோ பாலம். 1934இல் திறந்த இந்தப் பாலத்தின் ஒரு பகுதி கப்பலுக்கு வழிவிட மேலே தூக்கும். 1966இல் தூக்குவதை நிறுத்தி, புதுப்பித்து 2013இல் மீண்டும் தொடங்கினார்கள். இப்போது சனிக்கிழமை பிற்பகல் 2 மணிக்குத்தான் தூக்குகிறார்கள். காற்று பலமாக இருந்தால் ரத்தாகும், எனவே அன்று காலையில் வழிகாட்டியை விசாரிக்கச் சொல்லுங்கள். திங்கட்கிழமை தற்காலிகத் தலைநகர் நினைவகம் மூடியிருக்கும். மாதத்தின் முதல், மூன்றாம் செவ்வாயில் ஜகல்ச்சி மீன் சந்தைக் கட்டடம் மூடியிருக்கும். இந்த இரண்டையும் தவிர்த்தாலே பாதி ஏமாற்றம் போய்விடும்.

ஜூன் இறுதியிலிருந்து ஜூலை வரை மழைக்காலம். ஆகஸ்ட், செப்டம்பரில் சூறாவளி வரலாம். ஏப்ரலும் அக்டோபரும் நடக்கச் சுகம். ஆண்டிறுதி விடுமுறையில்தான் போக முடியும் என்றால் காது மூடும் தொப்பியும் காற்றுப் புகாத மேலங்கியும் கட்டாயம்; அங்கே குளிரை விடக் கடல்காற்றுதான் வாட்டும். டிசம்பரில் மாலை 5 மணி தாண்டியதும் சூரியன் மறைந்துவிடும்.

நடை

சுமார் 5 கிலோமீட்டர், ஐந்து மணி நேரம். கீழிருந்து மேலே ஏற்றும் திட்டம் கொடுத்தால் மறுத்துவிடுங்கள். காலை 9 மணிக்குத் தோசொங்கில் சந்தித்து, மலையேறும் சிறு பேருந்தில் கம்ச்சொனுக்குப் போய், அங்கிருந்து துறைமுகம் வரை இறங்கியே வர வேண்டும். வரலாறும் அப்படித்தான் இறங்குகிறது: மேலே தங்கினார்கள், கீழே பிழைத்தார்கள்.

இறக்கம் என்றால் எளிது என்று நினைக்க வேண்டாம். மூச்சு வாங்காது, ஆனால் முட்டி வாங்கும். புறப்படும் முன்பு நான்கு வாரம், வாரம் ஒருமுறை தண்ணீர்மலை முருகன் கோயிலின் 513 படிகளை ஏறி இறங்கிப் பாருங்கள். இறங்கிய மறுநாள் முட்டி வலித்தால் ஒரு கைத்தடி எடுத்துச் செல்லுங்கள், பாதையைச் சுருக்கச் சொல்லுங்கள். புதுச் சப்பாத்தோடு போகாதீர்கள். வழவழப்பான அடிப்பாகம் வேண்டவே வேண்டாம். சிமெண்டுப் படிகள் மழையில் சறுக்கும்.

கம்ச்சொனின் வண்ண வீடுகளை இணையத்தில் ஆயிரம் தடவை பார்த்திருப்பீர்கள். 1950களில் அகதிகளும் தேகுக்தோ என்ற சமயத்தைப் பின்பற்றியவர்களும் குடியேறிய இடம். 2009க்குப் பிறகுதான் கலைத்திட்டங்கள் வந்து இப்படி மாறியது. குட்டி இளவரசன் சிலையோடு படம் வேண்டுமென்றால் முதல் வேலையாக அங்கே போங்கள், 10 மணிக்கு மேல் வரிசை நீளும். வரிசை நீண்டுவிட்டால் விட்டுவிடலாம், நஷ்டமில்லை. அதைவிட, ஒரு வீடு அடுத்த வீட்டின் பார்வையை மறைக்காதபடி அடுக்கடுக்காக நிற்பதை வழிகாட்டியிடம் விளக்கச் சொல்லிக் கேளுங்கள். மக்கள் இன்னும் குடியிருக்கும் ஊர் என்பதால் சன்னல் வழியே எட்டிப் பார்ப்பதும் சத்தமாகப் பேசுவதும் கூடாது.

அங்கிருந்து முகட்டைக் கடந்தால் ஆமிதோங். முழு நடைக்கும் கொடுத்த காசு இங்கேதான் தகும். இது முன்பு ஜப்பானியர்களின் இடுகாடு. போர் அகதிகள் வந்தபோது கட்ட மரமில்லை, செங்கல்லில்லை; கல்லறைக் கற்கள் இருந்தன. அவற்றையே அடித்தளமாகவும் படியாகவும் சுவராகவும் வைத்து வீடு கட்டினார்கள். இன்றும் சில வீடுகளின் அடியில், வாசற்படியில், எழுத்துப் பொறித்த கல் தெரியும். தனியே வந்தால் ஒரு சாதாரண ஏழைத் தெருவைத் தாண்டிப் போய்விடுவீர்கள். எந்தக் கல், எந்தச் சுவர் என்று காட்ட ஆள் வேண்டும். குழந்தைகளுக்கு இங்கே நிதானமாக விளக்குங்கள்: இறந்தவர் இடத்தில் உயிருள்ளவர் அடைக்கலம் புகுந்தார்கள். குறைந்தது அரை மணி நேரம் ஒதுக்குங்கள். பல வழிகாட்டிகள் பத்து நிமிடத்தில் கடந்துவிடுவார்கள், அதனால் முன்கூட்டியே எழுதிச் சொல்லிவிடுங்கள்.

தோசொங்குக்கு இறங்கியதும் தற்காலிகத் தலைநகர் நினைவகம். 1926இல் கட்டிய வீடு. போர்க்காலத்தில் அதிபர் மாளிகை. அடுத்து போசுதோங்கின் பழைய புத்தகச் சந்து. நேரம் பிந்தியிருந்தால் இரண்டில் ஒன்றை விடுங்கள், ஆமிதோங்கில் மிச்சம் பிடிக்காதீர்கள்.

பிறகு குக்ஜே சந்தையும் பூபியொங் சந்தையும். பின்னதை ‘கங்தொங்’ என்பார்கள். தகர டப்பா என்று பொருள். அமெரிக்க இராணுவ முகாம்களிலிருந்து வெளியே வந்த டப்பா உணவு விற்ற இடம். இரண்டிலும் கூரை இருப்பதால், மழை வந்தால் நடையின் பெரும்பகுதியை இங்கேயே நடத்தச் சொல்லலாம்.

மதிய உணவு

சைவர்கள் திட்டமிடாமல் போனால் பட்டினிதான். ஊரின் பெயர்பெற்ற உணவுகளில் த்வேஜி குக்பாப், பன்றிச் சாறு. மில்ம்யொன் நூடுல்ஸ், பார்க்கச் சைவமாக இருந்தாலும் இறைச்சிச் சாற்றில் மிதக்கும். கிம்ச்சியில் பெரும்பாலும் மீன் சாறோ ஊறவைத்த இறாலோ இருக்கும், தொக்பொக்கியின் சாறு நெத்திலி. எனவே ‘இறைச்சி வேண்டாம்’ என்பது போதாது. இறைச்சி, மீன், இறால், சாறு எதுவும் கூடாது என்று வழிகாட்டியை ஒரு தாளில் கொரிய மொழியில் எழுதித் தரச் சொல்லுங்கள். மீதிப் பயணம் முழுக்க அந்தத் தாள் சோறு போடும். பிபிம்பாப்பில் இறைச்சியை எடுக்கச் சொல்லி, மேலே ஊற்றும் மிளகாய் விழுதில் மாட்டிறைச்சி அரைத்துச் சேர்த்திருக்கிறார்களா என்றும் கேளுங்கள். கோடையில் கொங்குக்சு என்ற குளிர்ந்த சோயாப்பால் நூடுல்ஸ் நல்ல தேர்வு. நடுவே பசித்தால் பிஃப் சதுக்கத்தில் ஷியாத் ஹொத்தொக்: பழுப்புச் சர்க்கரையும் விதைகளும் திணித்துப் பொரித்த அப்பம். உள்ளே சர்க்கரை கொதித்துக்கொண்டிருக்கும், குழந்தை கையில் உடனே கொடுக்காதீர்கள்.

மீன் சாப்பிடுபவர்கள் ஜகல்ச்சியில் கீழே வாங்கி மேல்தளத்தில் சாப்பிடலாம். விலை கிலோவுக்கா, ஒரு மீனுக்கா என்று தொட்டுக்காட்டும் முன்பே கேட்டுவிடுங்கள். மேலே தலைக்கு ஒரு தொகையும் சமைக்கும் கூலியும் தனி. ஏமாற்றிவிட்டார்கள் என்று பலர் கோபப்படுவது இது தெரியாமல்தான்.

1.45க்கு யொங்தோ பாலத்தின் நம்போ பக்கத்துக்கு வந்துவிடுங்கள். போரில் பிரிந்த குடும்பங்கள் ‘பூசானில் இந்தப் பாலத்தில் சந்திப்போம்’ என்று சொல்லிப் பிரிந்தன. உறவினர் வருவாரா என்று கேட்க வந்தவர்களுக்காகப் பாலத்தடியில் குறிசொல்வோர் கூடினார்கள். தூக்கும் 15 நிமிடத்தில் வழிகாட்டி அதைச் சொல்லட்டும், நீங்கள் படம் எடுப்பதை ஒரு நிமிடத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.

இன்னொரு அரை நாள் இருந்தால்

தமிழர்கள் கட்டாயம் கேட்பது ஹொ ஹ்வாங்-ஒக் அரசியைப் பற்றி. அவரது கல்லறை பக்கத்து ஊரான கிம்ஹேவில். சாசாங்கிலிருந்து இலகு ரயிலில் போகலாம். 13ஆம் நூற்றாண்டின் சம்குக் யூசா அவரை ‘ஆயுதா’ நாட்டிலிருந்து கடல் வழி வந்த இளவரசி என்கிறது. அது எந்த ஊர் என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. பாண்டிய நாடு என்பது அவற்றில் ஒன்று. அவருடைய கணவர் சூரோ மன்னரின் கல்லறை வாயிலில் வரைந்திருக்கும் இரட்டை மீனைக் காட்டச் சொல்லி, கொரியர்கள் அதை எப்படி விளக்குகிறார்கள் என்று முதலில் கேளுங்கள், நம் கயலை அதன் பிறகு சொல்லலாம். இதற்கு வேறொரு நாளைப் பதிவு செய்யுங்கள். மலை இறங்கிய அன்று மாலையிலேயே சேர்த்துக்கொண்டால் கிம்ஹேவில் உட்கார இடம்தான் தேடுவீர்கள்.