பிச்சாவரத்தில் படகு விடுமுன் யாரிடம் என்ன கேட்பது

"சுற்றுலா வேண்டுமா, வேண்டாமா?" என்று ஊரில் கேட்காதீர்கள். "வரட்டும்" என்பார்கள்; அதை எழுதிக்கொண்டு வந்தால் ஒன்றுக்கும் ஆகாது. எந்த வாய்க்கால், எந்த நேரம், எத்தனை படகு என்று கேளுங்கள். பிச்சாவரம் அலையாத்திக் காட்டை ஒட்டிய கிள்ளைப் பக்கம், சுற்றுலாப் படகுக்குத் தடம் வகுக்கும் இந்த வேலைக்கு வரும் பிள்ளைகளுக்கு நான் முதலில் சொல்வது இதுதான்.

முதலில் இருளர் குடியிருப்புக்குப் போங்கள், அவர்கள் வேலை முடிந்து திரும்பிய பிறகு. ஊர்ப் பெரியவர்கள் உட்கார்ந்திருக்கும் கூட்டத்துக்குக் கூப்பிட்டால் பெண்கள் ஓரமாக நின்றுவிட்டுப் போய்விடுவார்கள். நீரில் குனிந்து, சேற்றைக் கையால் தடவி இறால் பிடிப்பவர்கள் அவர்கள். பிடித்த இறாலைப் போடும் கூடையான பறியைப் பல்லில் கடித்திருப்பார்கள். இரண்டு கையும் சேற்றுக்குள். அந்த நேரம் படகு உரசிப்போனால் இறால் சிதறும். வாயில் பறி இருக்க, ஒரு குரல்கூடக் கொடுக்க முடியாது. படகில் இருப்பவர்களோ போனை நீட்டிப் படம் பிடிப்பார்கள். எனக்கு ஆத்திரம் வருவது இங்கேதான். தடவும் இடங்களை, நீர் வற்றும்போதா ஏறும்போதா என்பதோடு, வரைபடத்தில் குறியுங்கள். அவர்கள் சொல்லும் பெயரையே எழுதுங்கள்.

படகோட்டிக்குச் சவாரிக் கணக்கில் கூலி என்றால், விரைந்து திரும்பினால்தான் அடுத்த சவாரி. அவரிடம் "மெதுவாகப் போங்கண்ணே" என்று சொல்லிப் பயனில்லை. ஒரு சவாரிக்கு இவ்வளவு நேரம் என்று வைத்து, வரிசைமுறை வகுத்து, கூலி குறையாமல் பாருங்கள்.

பயணிகள் கேட்பது சுரபுன்னை வேர்கள் இருபுறமும் தொங்கும் குறுகிய வாய்க்காலை. அங்கே துடுப்புப் படகு மட்டும். மோட்டார் அலை கரையை அரிக்கும். கிளை ஒடிக்கக்கூடாது, இறால் பிடிப்பவர்களைப் படமெடுக்கக்கூடாது என்பதை டிக்கெட் கொடுக்கும் இடத்திலேயே சொல்லுங்கள். நடுவழியில் சொன்னால் வசவு படகோட்டிக்கு.

வனத்துறையின் கண் மரத்தின்மேல். 2022-இல் பிச்சாவரம், உலக முக்கியத்துவம் உள்ள ஈரநிலங்களின் ராம்சார் பட்டியலில் சேர்ந்திருக்கிறது. மரம் பட்டுப்போன திட்டுகளில் மீன்முள் வடிவில் வாய்க்கால் வெட்டி, ஊராரும் சேர்ந்து கண்டல் (அலையாத்தி மரம்) வளர்த்த இடங்கள் இங்கே உண்டு. அவற்றைச் சவாரித் தடத்திலிருந்து விலக்குங்கள். 2004 சுனாமியில் இந்தக் காட்டின் பின்னால் நின்ற ஊர்களுக்குக் காட்டின் அருமையை நாம் பாடம் எடுக்க வேண்டியதில்லை.

வரைபடத்தை அலுவலகத்துக்குக் கொண்டுபோகுமுன் அந்தப் பெண்களிடம் திரும்பக் காட்டித் திருத்துங்கள். ஐப்பசி, கார்த்திகை மழை முடிந்ததும் இதே கேள்விகளோடு மறுபடி போங்கள். வெள்ளம் வந்து போனால் இறால் கிடைக்கும் இடம் மாறியிருக்கும். பொங்கல் கூட்டம் வருமுன் தடமும் மாற வேண்டும்.