டிங்கிப் படகோட்டத்தில் முன்னேற விரும்புவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

டிங்கி என்னும் சிறு பாய்மரப் படகுகளில் பிள்ளைகள் முதலில் ஓட்டுவது ஆப்டிமிஸ்ட். அதில் போட்டியிடும் வயது, ஒரு பிள்ளைக்கு 15 நிறையும் ஆண்டோடு முடிந்துவிடுகிறது. தென்னாப்பிரிக்காவின் டர்பன் துறைமுகத்திலோ ஹோவிக் அருகிலுள்ள மிட்மார் அணையிலோ பழகிய நம் பிள்ளைகள் அடுத்த படகைத் தேர்ந்தெடுக்கும் அந்த நேரத்தில்தான், என் பார்வையில், மிகப் பெரிய தவறு நிகழ்கிறது.

ஒருவரே ஓட்டும் ஐ.எல்.சி.ஏ. டிங்கியின் உடல் ஒன்றே. பாய்கள் ஏறத்தாழ 4.7, 5.8, 7 சதுர மீட்டர் என மூன்று அளவுகளில் உள்ளன. ஒலிம்பிக்கில் ஆண்கள் பெரிய பாயில் ஓட்டுகிறார்கள் என்பதற்காக 58 கிலோ எடையுள்ள பையனையும் அதிலேயே ஏற்றிவிடும் பெற்றோர் உண்டு. கால்பட்டையில் பாதங்களை மாட்டி, உடலை முழுவதும் வெளியே சாய்த்தாலும், காற்று வலுத்ததும் அவனால் படகை நிமிர்த்தி வைக்க முடியாது. பாய்க்கயிற்றைத் தளர்த்தித் தளர்த்தியே பக்கவாட்டில் வழுக்கிச் செல்வான். இப்படி இரண்டு பருவங்கள் கழிந்தால் கவிழாமல் கரை சேரப் பழகுவானே தவிர, பந்தயம் ஓட்டப் பழகமாட்டான். அந்தப் பாய்க்கு 80 கிலோவை ஒட்டிய எடை வேண்டும். பாட்டி இரண்டு கரண்டி சோறு கூடுதலாக வைப்பதால் அது வந்துவிடாது. எடை குறைந்தவர்கள் இருவர் ஓட்டும் 420 படகுக்கும், பிறகு 470 படகுக்கும் மாறுவது இழிவல்ல. தென்னாப்பிரிக்காவின் அசெனாத்தி ஜிம், ரோஜர் ஹட்சன் இணை 2012 லண்டன், 2016 ரியோ ஒலிம்பிக்குகளில் 470 படகைத்தான் ஓட்டியது. 2024 முதல் ஒலிம்பிக்கில் அது ஓர் ஆணும் ஒரு பெண்ணும் சேர்ந்து ஓட்டும் படகு.

ஒரே நீரில் பழகுவது அடுத்த தவறு. டர்பன் கடலில் கோடை நாட்களின் வடகிழக்குக் காற்று பிற்பகலில் வலுத்து, பெரும்பாலும் திசை மாறாமல் வீசும். தென்மேற்குக் காற்று புகுந்தால் சில நிமிடங்களில் எல்லாம் புரண்டுவிடும். மிட்மாரிலோ காற்று ஓயாமல் திசை மாறும். நீரின் மேல் கறுத்து நகரும், காற்று வருவதைக் காட்டும் சிற்றலைத் திட்டுகளைத் தலை நிமிர்ந்து பார்க்காதவர் அங்கே பின்தங்குவார்.

விதிகளில் நம் வீட்டு வளர்ப்பே குறுக்கே நிற்பதைக் கவனித்திருக்கிறேன். பெரியவர்களை எதிர்த்துப் பேசாதே என்று சொல்லி வளர்த்த பிள்ளை, வழியுரிமை தன்னிடம் இருக்கும்போது மூத்த வீரர் ஒருவர் வந்து மோதினாலும் வாய் திறப்பதில்லை. கரைக்கு வந்த பிறகு அழுகிறது. ஆனால் மோதிய அந்தக் கணத்திலேயே 'புரொட்டெஸ்ட்' என்று உரக்கக் கூவியிருக்க வேண்டும். இல்லையேல் பிறகு எழுதித் தரும் முறையீடு ஏற்கப்படாது. ஆறு மீட்டருக்குக் குறைந்த படகுகளுக்குச் சிவப்புக்கொடி கூடத் தேவையில்லை, குரல் போதும். பாயை விசிறி, உடலை ஆட்டிப் படகை உந்துவதும் படகுப் பந்தய விதி 42-இன்படி குற்றம். பெரிய போட்டிகளில் நடுவர் மஞ்சள் கொடி காட்டினால் முதல் முறை படகை இரண்டு முழுவட்டம் சுழற்ற வேண்டும், இரண்டாம் முறை அந்தப் பந்தயத்திலிருந்தே விலக வேண்டும்.

செலவைப் பொறுத்தவரை ஒன்றே சொல்வேன்: புதுப் படகு வாங்கக் கடன்படாதீர்கள். பழைய படகுக்கு நல்ல பாய் போதும். வெளிநாட்டுப் போட்டிக்குப் படகை வாடகைக்கு எடுத்து, கைக்குப் பழகிய சுக்கான் நீட்டுக்கோலையும் கயிறுகளையும் மட்டும் பையில் கொண்டுபோகலாம்.