இடி அமீன் காலத்து உகாண்டாவின் அன்றாட வாழ்வை எழுதுவது எப்படி

உகாண்டாவின் ராணுவ ஆட்சியைப் பற்றிக் கட்டுரையோ கதையோ எழுத உட்காரும் பலர் இடி அமீனின் உருவத்தில் தொடங்கி, அங்கேயே நின்றுவிடுகிறார்கள். நெஞ்சு நிறையப் பதக்கங்கள், தமக்குத் தாமே சூட்டிக்கொண்ட பட்டங்கள், மனித இறைச்சி தின்றார் என்ற உறுதியான சான்றில்லாத கதை ஆகியவை முதல் இரண்டு பக்கங்களை விழுங்கிவிடுகின்றன. நம் அரசியல் மேடைகளில் ஹிட்லருக்கு அடுத்தபடியாக அவருடைய பெயர் வசைச்சொல்லாகப் புழங்குவதால், தமிழில் எழுதுபவருக்கு இந்தச் சறுக்கல் இன்னும் எளிது. 1971 ஜனவரி 25 முதல் 1979 ஏப்ரல் 11 வரை அந்த ஆட்சியின் கீழ் கடைக்குப் போனவர்களையும் காப்பி பயிரிட்டவர்களையும் எழுதுவதே உங்கள் நோக்கம் என்றால், அமீனை வாசலிலேயே நிறுத்திவிட்டு வேலையைத் தொடங்குங்கள்.

முதலில் ஓர் ஊரையும் ஓர் ஆண்டையும் முடிவு செய்துகொள்ளுங்கள், ஏனெனில் அந்த எட்டு ஆண்டுகளும் எல்லாருக்கும் ஒரே மாதிரி கழியவில்லை. 1971 ஜனவரியில் அதிபர் மில்டன் ஒபோட்டேயின் ஆட்சியை அமீன் கவிழ்த்த செய்தி வந்த அன்று, தலைநகர் கம்பாலாவில் மக்கள் தெருவில் இறங்கிக் கொண்டாடினார்கள். கம்பாலாவைச் சுற்றியுள்ள பழைய மன்னராட்சியான புகாண்டா அரசை ஒழித்த ஒபோட்டே வீழ்ந்ததில் அங்கிருந்தவர்களுக்கு மகிழ்ச்சி இருந்தது. லண்டனில் இறந்த அவர்களுடைய மன்னர் இரண்டாம் முட்டேசாவின் உடலை அமீன் 1971இல் தாயகத்துக்குக் கொண்டுவந்தபோது அந்த மகிழ்ச்சி நன்றியாகவும் மாறியது. அதே ஆண்டில்தான் படைமுகாம்களுக்குள், ஒபோட்டேயின் ஆதரவாளர்களாகக் கருதப்பட்ட வடக்கத்திய அச்சோலி, லாங்கோ இனத்து வீரர்கள் கூட்டம் கூட்டமாகக் கொல்லப்பட்டார்கள். ஆகவே 1971ஐ கம்பாலாவில் ஒரு வீட்டிலிருந்து எழுதினால் விடுதலை ஆண்டாகவும், வடக்கே அச்சோலிகளின் ஊரான குலுவில் ஒரு வீட்டிலிருந்து எழுதினால் இழவு ஆண்டாகவும் வரும், இரண்டும் பொய்யில்லை.

அடுத்துக் கடைக்குள் நுழையுங்கள். அந்த ஆட்சியின் வரலாற்றைச் சர்க்கரை, சோப்பு, உப்பு, மண்ணெண்ணெய் ஆகியவற்றின் வழியாகவே பெரும்பாலும் சொல்லிவிட முடியும் என்பது என் கருத்து. 1972 ஆகஸ்ட் 4 அன்று டொரோரோ படைமுகாமில் பேசிய அமீன், ஆசியர்கள் நாட்டை விட்டு வெளியேற வேண்டும் என்றார்; அதற்கு 90 நாள் கெடு விதிக்கப்பட்டது. பல தலைமுறைகளாகக் கடை நடத்திவந்த குஜராத்தி, பஞ்சாபிக் குடும்பங்கள் கைப்பெட்டியோடு போனபின், அக்கடைகள் ராணுவத்தினருக்கும் ஆட்சிக்கு வேண்டியவர்களுக்கும் பங்கிடப்பட்டன. திடீரென்று கொழுத்த இந்தப் புதுப்பணக்காரர்களை மக்கள் ‘மஃபூட்டா மிங்கி’ என்று அழைத்தார்கள். சுவாகிலியில் அதற்கு ‘நிறைய கொழுப்பு’ என்று பொருள். சட்டையின் கழுத்தளவைக் குறிக்கும் எண்ணையே விலையாகக் கருதிப் புதுக் கடைக்காரர்கள் சட்டைகளை விற்றார்கள் என்ற கதையும் பரவலாகச் சொல்லப்படுகிறது. அதைச் சேர்க்க விரும்பினால், மக்கள் சொல்லிக்கொண்ட கேலிக்கதையாகவே சேருங்கள். கடைகள் காலியானதற்கு அதையே காரணமாக்கினால், ஆப்பிரிக்கர்களுக்கு வணிகம் தெரியாது என்ற காலனிக் காலத்து ஏளனத்தை நீங்களும் வழிமொழிந்தவராவீர்கள். அலமாரிகள் காலியானதற்கு உண்மையான காரணங்கள் வேறு: கடன் கொடுத்தும் சரக்கு வரவழைத்தும் வந்த வலைப்பின்னல் ஒரே அடியில் அறுந்துபோனது, உதிரிபாகம் வாங்க அந்நியச் செலாவணி கிடைக்கவில்லை, ககிராவிலும் லுகாசியிலும் இருந்த பெரிய சர்க்கரை ஆலைகளின் உற்பத்தி படுத்துவிட்டது.

சரக்கு மறைந்த இடத்தில் ‘மகெண்டோ’ முளைத்தது. கள்ளச்சந்தை, கடத்தல் இரண்டுக்குமான சொல் அது. 1975இல் பிரேசிலில் உறைபனி காப்பித் தோட்டங்களைக் கருக்கியதால் உலகச் சந்தையில் காப்பி விலை ஏறியது. ஆனால் உகாண்டா விவசாயிக்கு அரசு கொள்முதல் வாரியம் கொடுத்தது சொற்பமே என்பதால், மூட்டைகள் இரவோடு இரவாகக் கென்ய எல்லையைக் கடந்தன. அதே 1975இல் பொருளாதாரக் குற்றத் தீர்ப்பாயம் ஓர் ஆணை மூலம் அமைக்கப்பட்டது. பதுக்கல், கடத்தல், கூடுதல் விலைக்கு விற்றல் ஆகியவற்றுக்கு மரண தண்டனை வரை விதிக்க வழி செய்யப்பட்டது. சர்க்கரையை முந்தானை மறைவில் கொண்டுபோய் விற்ற பெண், பிள்ளைகளுக்குச் சோறு தேடியவளாகவும் சட்டத்தின் கண்ணில் சுடத்தக்க குற்றவாளியாகவும் ஒரே நேரத்தில் இருந்தாள். (முந்தானை நான் சேர்த்தது; புகாண்டாப் பெண்கள் அணிவது கொமேசி என்னும் நீண்ட உடை. இப்படிப்பட்ட இடங்களில்தான் நம் கை நம்மை அறியாமல் தமிழ்நாட்டை எழுதிவிடுகிறது, ஆகவே திருத்தும்போது உடையையும் உணவையும் தனியாக ஒருமுறை சரிபாருங்கள்.)

அச்சத்தை எழுதும்போது இரத்தத்தைக் குறைத்துக் காத்திருப்பைக் கூட்டுங்கள். கறுப்புக் கண்ணாடி அணிந்த ஆட்கள் வருவார்கள், ஒருவரைக் காரின் பின்பெட்டியில் போட்டு மூடுவார்கள், கார் போய்விடும். அதன்பின் வீட்டாருக்குச் செய்தி வராது. அரச ஆய்வுப் பணியகம் என்ற சாதுவான பெயர் கொண்ட உளவு அமைப்பின் தலைமையகம் கம்பாலாவின் நகசேரோ பகுதியில் இருந்தது. 1972 செப்டம்பரில் தலைமை நீதிபதி பெனடிக்டோ கிவானுக்காவையே உயர் நீதிமன்றத்திலிருந்து பட்டப்பகலில் இழுத்துச் சென்றார்கள் என்றால், சாதாரண எழுத்தர் ஒருவரின் மனைவி எந்தக் கதவைத் தட்டியிருப்பாள் என்று யோசியுங்கள். உடல் கிடைக்காத வரை அவள் கைம்பெண்ணும் அல்ல, வங்கிக் கணக்கில் கைவைக்கவும் முடியாது. காணாமல் போனவர்களின் சொத்தை நிர்வகிப்பதற்கென்றே 1973இல் அந்த அரசு ஓர் ஆணை பிறப்பித்தது என்பதை எந்தச் சித்திரவதைக் காட்சியையும்விடக் கொடியதாக நான் கருதுகிறேன். 1974இல் அமீனே அமைத்த விசாரணை ஆணையம் இப்படிக் காணாமல் போன 308 பேரின் வழக்குகளைப் பதிவு செய்தது. சாட்சிகள் பேசியதன் தொனியைப் பிடிக்க அதைவிட நல்ல இடமில்லை.

அரசின் சொந்தக் குரலையும் கேட்க வேண்டும். வானொலி அறிவிப்பே சட்டமாக இருந்த காலம் அது; குட்டைப் பாவாடைக்குத் தடை வந்ததும் அக்காலத்தில்தான். அரசுப் புகைப்படக்காரர்கள் எடுத்த சுமார் 70,000 நெகட்டிவ்கள் உகாண்டா ஒலிபரப்புக் கழகத்தில் கண்டெடுக்கப்பட்டு, அவற்றில் ஒரு பகுதி 2019இல் கம்பாலாவின் அருங்காட்சியகத்தில் காட்சிக்கு வைக்கப்பட்டது. விழாக்களும் சிரித்த முகங்களும் அவற்றில் உண்டு, கொலைகள் இல்லை. அமீனை விட்டுவிட்டு, படத்தின் ஓரத்தில் நிற்பவர்களின் கைகளைப் பாருங்கள். கைதட்டலில் எல்லாக் கைகளும் ஒரே வேகத்தில் இருப்பதில்லை.

இறந்தோர் எண்ணிக்கையில் அவசரம் வேண்டாம். 80,000 முதல் 5,00,000 வரை மதிப்பீடுகள் உள்ளன. 3,00,000 என்பது அடிக்கடி எடுத்தாளப்படுவது. ஒரே எண்ணை உறுதியாகச் சொல்லாமல் மதிப்பீடு என்றே எழுதுங்கள். 1977 பிப்ரவரியில் ஆங்கிலிக்கன் திருச்சபைப் பேராயர் ஜனானி லுவூம் கார் விபத்தில் இறந்ததாக அரசு சொன்னதை எழுதும்போது, அந்தப் பொய்யை முதலில் அப்படியே வைத்து, குண்டுக் காயங்களை அடுத்த வாக்கியத்தில் சொல்வது நல்லது. அன்று மக்கள் அறிந்துகொண்ட வரிசையும் அதுவே.

1979 ஏப்ரலில் அண்டை நாடான தான்சானியாவின் படை அமீனை விரட்டிக் கம்பாலாவுக்குள் நுழைந்த நாளோடு கதையை முடித்துவிடாதீர்கள். அந்த வாரமே கடைகளின் கதவுகள் உடைக்கப்பட்டுச் சூறையாடப்பட்டன, 1980 டிசம்பர் தேர்தலில் ஒபோட்டே திரும்பி வந்தார், கம்பாலாவுக்கு வடக்கே லுவேரோ பகுதியில் மறுபடியும் போர் மூண்டது. நீங்கள் எடுத்துக்கொண்டது 1972இல் பங்கிடப்பட்ட ஒரு கடை என்றால், 1990களில் அதன் பழைய உரிமையாளர் பத்திரத்தோடு அதே வாசலில் வந்து நிற்பது வரை அதைப் பின்தொடருங்கள். உள்ளே இருபது ஆண்டுகளாகக் குடியிருப்பவர் கதவைத் திறப்பாரா என்பதை எழுதுவதற்கு இன்னொரு அத்தியாயம் தேவைப்படும்.