மெட்டல் பேண்ட் டெமோ கேசட்டைக் கம்ப்யூட்டரில் ஏற்றும் முறை

கொழிஞ்சாம்பாறையில் எங்கள் தெரு அண்ணன் ஒருவர், தொண்ணூறுகளில் பாலக்காட்டில் படித்தபோது மெட்டல் பேண்டில் பேஸ் கிட்டார் வாசித்தவர். அவர் வீட்டுப் பரணில் பதினொரு கேசட் கிடைத்தன. கொச்சியின் 13 ஏடி என்ற ராக் பேண்ட் 1990ல் வெளியிட்ட ‘கிரவுண்ட் ஜீரோ’ போலக் கடையில் விற்ற ஆல்பம் என்றால் இன்னொரு பிரதி எங்காவது தேறும். ரிகர்சலில் பதிந்த டெமோவுக்கு அந்த ஒரு கேசட்தான். அதனால் டெமோவை முதலில் எடுங்கள்.

கேசட்டின் மேல் விளிம்பில் உள்ள இரண்டு பிளாஸ்டிக் நாக்குகளையும் ஒடித்துவிடுங்கள். தவறி ரெக்கார்ட் பட்டன் அமுங்கினாலும் அழியாது. டெக்கின் (கேசட் ஓட்டும் கருவி) ஹெட்டை, அதாவது டேப்பைத் தொட்டுப் படிக்கும் பகுதியை, ஐசோபுரோபைல் ஆல்கஹால் தொட்ட பட்ஸால் துடையுங்கள். யுஎஸ்பி வைத்த மலிவு கேசட் பிளேயரை வாங்க வேண்டாம், நல்ல பழைய டெக்கே மேல். லேப்டாப்பின் மைக் துளை பெரும்பாலும் மோனோ, ஒரே சேனல்தான். ஒலியைக் கம்ப்யூட்டருக்குள் அனுப்பும் ஆடியோ இன்டர்ஃபேஸின் லைன்-இன்னில் செருகுங்கள்.

இனி அசிமத், அதாவது டேப்பின் மேல் ஹெட் நிற்கும் சாய்வு. நான் ஒரு வாரம் வீணடித்த இடம் இதுதான். முதல் கேசட்டைப் போட்டதும் போர்வைக்குள்ளிருந்து வாசிப்பது போல ஒரே மந்தம். டேப் போச்சு என்று நினைத்து ஈக்வலைசரில் டிரெபிளை ஏற்றிப் பார்த்தேன், இரைச்சல்தான் கூடியது. டேப்பில் ஒரு கோளாறும் இல்லை. அன்று பதிந்த டெக்கின் ஹெட் துளி சாய்ந்திருந்தால், நம் ஹெட்டும் அதே சாய்வில் நின்றால்தான் உச்ச ஸ்தாயி முழுதாக வரும். ஹெட்டின் பக்கத்தில் இரண்டு ஸ்க்ரூ இருக்கும். பெரும்பாலான டெக்குகளில் ஸ்பிரிங் உள்ளது அசிமத்துக்கு, மற்றதைத் தொடாதீர்கள். பழைய நிலையை மார்க்கரால் குறித்துக்கொண்டு, காந்தம் ஏறாத ஸ்க்ரூடிரைவரால் கேசட் ஓடும்போதே இம்மி இம்மியாகத் திருப்புங்கள். ஹெட்ஃபோனில் மோனோவாக வைத்துக் கேட்டால் வித்தியாசம் பளிச்சென்று தெரியும். டிஸ்டார்ஷன் கிட்டார் காதை ஏமாற்றும், டிரம் செட்டின் ஜோடித் தட்டான ஹை-ஹாட்டைக் கவனியுங்கள். அது மிகக் கூர்மையாகக் கேட்கும் இடத்தில் நிறுத்துங்கள். ஒவ்வொரு கேசட்டுக்கும் இதைத் திரும்பச் செய்ய வேண்டும். பதினொன்றில் இரண்டு கேசட் மட்டுமே ஒரே நிலையில் ஒத்துப்போயின.

ஒலி பதியும் இலவச மென்பொருளான ஆடாசிட்டியில் 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் வையுங்கள். சி-60யின் ஒரு பக்கம், 30 நிமிடம், சுமார் 1 ஜிபி வரும். உச்சம் -6 டெசிபலைத் தாண்டாமல் பதிந்து, தரம் குறையாமல் சுருக்கும் ஃபிளாக் கோப்பாகச் சேமியுங்கள். மூலக் கோப்பில் இரைச்சல் நீக்கவே கூடாது; வேண்டுமானால் நகலில் செய்யுங்கள். ஆம்ப் இரைச்சலும் ரிகர்சல் அறையின் மின்விசிறியும்கூட அந்தக் காலத்தின் பதிவுதான்.

பின்சேர்க்கை: டேப்பில் வெள்ளையாகப் பூத்திருக்கிறது என்று இருவர் எழுதியிருந்தார்கள். அது பூஞ்சை. நம் பக்கத்து மழைக்கால ஈரத்துக்கு வராமல் இருந்தால்தான் ஆச்சரியம். அதை நல்ல டெக்கில் போடாதீர்கள், மற்ற கேசட்டுகளுக்கும் பரவும். மாஸ்க் போட்டுக்கொண்டு தனி டப்பாவில் சிலிக்கா ஜெல்லோடு மூடி வையுங்கள். உலர்ந்த பிறகும், அதற்கென்றே ஒதுக்கிய பழைய பிளேயரில்தான் ஓட்ட வேண்டும்.

கடைசியாக, வாசித்தவரைப் பக்கத்தில் உட்கார வைத்துக் கேட்கச் செய்யுங்கள், போனில் ரெக்கார்ட் போட்டு வையுங்கள். யார், எந்த வருஷம், எந்த அறை என்பதை அதே ஃபோல்டரில் டெக்ஸ்ட் கோப்பாக எழுதுங்கள். இணையத்தில் ஏற்றுமுன் பேண்டில் இருந்த எல்லோரிடமும் சம்மதம் வாங்குங்கள். எங்கள் கேசட் உறையில் டிரம்மர் பெயர் இல்லை, அண்ணனுக்கும் ஞாபகமில்லை. மூன்றாவது பாட்டில் டபுள் பாஸ் டிரம் தொடங்கியதும் அந்தப் பெயரைத் தானாகச் சொன்னார்.