ஒரே கொள்ளளவு, ஆனால் தாள் போதவில்லை

இரண்டு அட்டைப்பெட்டிகளுக்கு வண்ணத்தாள் ஒட்ட வேண்டியிருந்தது. ஒன்று 20 செ.மீ. பக்கமுள்ள கனசதுரம். இன்னொன்று 40, 20, 10 செ.மீ. அளவுள்ள கனச்செவ்வகம். இரண்டின் கன அளவும் 8000 கன செ.மீ. தான். அப்படியென்றால் தாளும் ஒரே அளவுதானே என்று நினைத்து, சம அளவில் வெட்டி வைத்துக்கொண்டேன். கனசதுரத்துக்குச் சரியாகப் போதியது. நீளப்பெட்டியில் ஒரு பக்கம் மொட்டையாக நின்றது!

சூத்திரம் எனக்குத் தெரியாமல் இல்லை. மனப்பாடமாகவே தெரியும், அதுதான் வம்பு. அதனால் சூத்திரத்தை விட்டுவிட்டு, பெட்டியின் ஒட்டுகளைப் பிரித்துத் தரையில் விரித்தேன். ஆறு செவ்வகங்கள், எதிரெதிர்ப் பக்கங்கள் சோடி சோடியாக. ஒவ்வொன்றின் மேலும் பென்சிலால் பரப்பை எழுதினேன்: 800, 400, 200. கூட்டினால் 1400. சோடி என்பதால் இரட்டித்தால் 2800 சதுர செ.மீ. கனசதுரத்துக்கோ ஆறு 400, அதாவது 2400. குறைந்த 400 எங்கே போனது என்று புரிந்தது. பெட்டி தட்டையாக ஆக, அதே கொள்ளளவுக்குத் தாள் கூடுதலாகத் தேவைப்படுகிறது.

அப்புறம், அடிப்பக்கத்துக்குத் தாள் தேவையே இல்லை என்பதும் அப்போதுதான் உறைத்தது. நீளப்பெட்டியை 40க்கு 20 முகம் கீழே இருக்கும்படி வைத்தால் 800 கழிகிறது, மீதி 2000. வெட்டி வைத்திருந்த 2400இலேயே ஒட்டி முடித்தேன், கொஞ்சம் துண்டுகளை இணைக்க வேண்டியிருந்தாலும்.